உயிர்நிலை

1988 மாசி மாதம். விம்பிள்டனுக்குக் கிட்ட ஒரு பெற்றோல் நிலையத்தில் எனக்கு இரவு வேலை. வெளியில் நிற்பவனிடம் காசு வாங்கவும் மிச்சம் கொடுக்கவும் கண்ணாடிக்குக் கீழே ஒரு சின்ன இழுப்பறை. என்னுடைய ஆங்கிலம் முழுவதும் அதற்குள் அடங்கும்.

விடியப்புறம் வந்திறங்கும் பத்திரிகைக் கட்டை அவிழ்த்து அடுக்குவதும் என் பொறுப்பு. அப்படி ஒருநாள் அந்தப் படத்தைக் கண்டேன். ஒட்ட வெட்டிய முடியோடு ஒரு நெட்டையன் பல்லைக் கடித்தபடி கையைப் பின்னால் கொண்டுபோய், முதுகுக்குப் பின்னால் நிற்கும் பொடியனின் உயிர்நிலையைப் பிடித்துக் கசக்குகிறான். பிடித்தவன் விம்பிள்டன் உதைபந்தாட்டக் கழகத்தின் வின்னி ஜோன்ஸ். வாயைப் பிளந்து நிற்பவன் எதிரணியின் போல் காஸ்கொய்ன். ஆட்டம் நடந்த பிளவ் லேன் மைதானம் எங்கள் நிலையத்துக்கு நடைதூரம்.

என்னோடு வேலை செய்த அண்ணை படத்தை எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "தம்பி, உந்த முகம் இரவிலை வந்தால் பெற்றோலைக் குடுத்து அனுப்பிவிடும். காசைப் பற்றி யோசியாதையும்."

பிறகு காஸ்கொய்ன் ஜோன்ஸுக்கு ஒரு ரோஜாப்பூ அனுப்பினானாம். இவன் பதிலுக்கு அனுப்பியது கக்கூஸ் கழுவுகிற பிரஷ்.

கட்டட வேலையில் செங்கல் சுமந்துகொண்டு வீல்ட்ஸ்டன் கழகத்துக்கு ஆடித் திரிந்தவன் அவன். 1986இல் 10,000 பவுணுக்கு விம்பிள்டன் வாங்கியது. 1988 மே 14, வெம்ப்ளியில் லிவர்பூலை 1-0 என்று விழுத்தி எஃப்.ஏ. கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். அன்றிரவு எங்கள் இழுப்பறைக்குள் யாரோ ஒருவன் காசுக்குப் பதிலாகக் கழுத்துச் சால்வையைத் திணித்துவிட்டுப் போனான்.

1992இல், செல்சிக்கு ஆடும்போது, ஆட்டம் தொடங்கி மூன்றே விநாடியில் மஞ்சள் அட்டை வாங்கினான். பந்து உருளத் தொடங்குமுன் ஆளை உருட்டியவனுக்கு வேறென்ன கொடுப்பது? அதே வருடம், முரட்டு ஆட்டத்தின் நுணுக்கங்களை விளக்கும் வீடியோ ஒன்றில் தோன்றினான். உதைபந்தாட்டச் சங்கம் 20,000 பவுண் தண்டம் விதித்தது. விம்பிள்டன் அவனை வாங்கிய விலையில் சரியாக இரண்டு மடங்கு.

ஆறு வருடம் கழித்து, 1998இல், அதே நுணுக்கங்களுக்குச் சினிமாக்காரர் சம்பளம் கொடுத்தார்கள். கை ரிச்சியின் 'லொக், ஸ்டொக்' படத்தில் கடன் வசூலிக்கும் பெரிய கிறிஸ். கார்க் கதவால் ஒருவன் தலையை அடி அடியென்று அடிக்கிறவன், கூட வரும் மகன் வாயில் மட்டும் கெட்ட வார்த்தை வரக்கூடாது என்கிறான். அந்தக் கண்டிப்பு எங்கள் அப்பாமாருடையது. எனக்குப் படம் பிடித்ததற்கு அது ஒன்றே காரணம்.

நடுவில் தாத்தாவின் பாத்தியதையைப் பிடித்து வேல்ஸ் நாட்டுக்கு 9 ஆட்டம் ஆடினான். 2002இல் ஒரு பாட்டுத் தட்டும் போட்டான். நான் ஒரு பாட்டோடு நிறுத்திக்கொண்டேன். 2021இல் அவுஸ்திரேலியத் தொலைக்காட்சியில் எரிமலை வேஷத்துக்குள் ஒளிந்துகொண்டு பாடியிருக்கிறான். அந்த முகந்தான் அவனுடைய முழு முதல். அதை மூடி வைத்துவிட்டுப் பாட்டை நம்பி இறங்குவதற்கு, காஸ்கொய்னிடம் காட்டியதைவிடத் துணிவு வேண்டும்.

பழைய பிளவ் லேன் மைதானத்தில் இப்போது அடுக்குமாடி வீடுகள். கழகம் மில்டன் கீன்ஸுக்குப் போக, ரசிகர்களே இன்னொன்றைத் தொடங்கி 2020இல் அதே தெருவுக்குத் திரும்பினார்கள். எனக்கும் இழுப்பறை போய் ஓய்வூதியம் வந்துவிட்டது.

போன மாதம் கோயில் மண்டபத்தில் முதலுதவி வகுப்பு. மாரடைப்பு வந்தவனுக்கு என்ன செய்வது என்று காட்ட, பிரித்தானிய இதய அறக்கட்டளை 2012இல் எடுத்த விளம்பரத்தைத் திரையில் போட்டார்கள். கறுப்புக் கோட்டும் அதே முறைப்புமாக வின்னி ஜோன்ஸ். பீ ஜீஸ் பாட்டின் தாளத்துக்கு, நிமிடத்துக்கு நூறு தடவைக்குக் குறையாமல், ஒருவனின் நெஞ்சை அமத்துகிறார். ஆம், இனி 'அவர்' என்று எழுதுவதுதான் முறை. அறுபது தாண்டிவிட்டது, மனைவி மாற்று இதயத்தோடு வாழ்ந்து காலமானவர்.

படம் முடிந்ததும் என்னைக் கூப்பிட்டார்கள். முழங்காலில் இருந்து பொம்மையின் நெஞ்சில் கையை வைத்தேன். கண் திரையில் உறைந்து நின்ற அந்தக் கையிலேயே போய் நின்றது.

"பத்தாது அங்கிள்," என்றாள் தாதிப் பிள்ளை, "அவரைப் போல அமத்துங்கோ."