பட்டயம் இல்லாத குடித்தனம்

கே: நட்சத்திரங்களுக்கு நடுவில் பிரம்மாண்டமான ஓட்டை இருக்கிறதாமே, எந்தத் திசையில் பார்க்க வேண்டும்? (கொழிஞ்சாம்பாறை வாசகர்)

ப: எந்தத் திசையில் பார்த்தாலும் அதுதான். நாமே அதற்குள்தான் இருக்கிறோம். உள்ளூர்க் குமிழி என்று பெயர்; அகலம் சுமார் 1,000 ஒளியாண்டு. நட்சத்திரங்களுக்குப் பஞ்சமில்லை. இடையே இருக்க வேண்டிய வாயுதான் குறைவு.

கே: தோண்டியது யார்? நாம் எப்போது உள்ளே வந்தோம்? (தேவிகுளம் வாசகர்)

ப: தோண்டியவை செத்துப்போன நட்சத்திரங்கள். எடை மிகுந்தவை சில கோடி ஆண்டுகளுக்குள் எரிந்து தீர்ந்து வெடித்துவிடும். 2022-இல் ‘நேச்சர்’ இதழில் கேத்தரின் சக்கர் குழுவினர் போட்ட கணக்குப்படி, கடந்த 1.4 கோடி ஆண்டுகளில் சுமார் 15 வெடிப்புகள் வாயுவை நாலாபுறமும் தள்ளி ஓரத்தில் குவித்திருக்கின்றன. குவிந்தது குளிர்ந்து இறுகி, இப்போது புது நட்சத்திரங்களைப் பெற்றுக்கொண்டிருக்கிறது. கேட்டைக்குப் பக்கத்தில் தெரியும் மேகமும் அந்த ஓரத்தைச் சேர்ந்ததே. சூரியன் உள்ளே நுழைந்ததோ சுமார் 50 லட்சம் ஆண்டுகளுக்கு முன்புதான். பட்டயம் கேட்டுப் போய் நிற்காதீர்கள்!

கே: குமிழிக்குள் பத்து லட்சம் டிகிரி வெப்பமாம். வட்டவடைக் குளிருக்குக் கொஞ்சம் கிடைக்குமா? (வட்டவடை வாசகர்)

ப: கிடைக்கும், ஸ்வெட்டரை மட்டும் கழற்றிவிடாதீர்கள். அங்கே வேகம் உண்டு, ஆள்பலம் இல்லை. ஒரு லிட்டருக்குச் சில அணுக்கள். அவை எவ்வளவு ஓடினாலும் யாரைச் சுடும்? உங்கள் ஊர்க் காற்றில் ஒரு கன சென்டிமீட்டரிலேயே லட்சம் கோடி கோடி மூலக்கூறுகளுக்கு மேல் உண்டு.

கே: யாரும் பார்க்காத வெடிப்புக்குச் சாட்சி உண்டா? (சித்தூர் வாசகர்)

ப: கடலடியில் கிடக்கிறது. பெயர் இரும்பு-60; நட்சத்திர வெடிப்புகள் தூசோடு இறைப்பது. சுமார் 26 லட்சம் ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகக் கரையும் சரக்கு. பூமி பிறந்தபோது இருந்த இருப்பெல்லாம் எப்போதோ தீர்ந்துபோயிருக்க வேண்டும். ஆனால் பசிபிக் ஆழ்கடல் பாறைப் படிவில், இருபது முப்பது லட்சம் ஆண்டுப் பழைய அடுக்கில் அது அகப்பட்டது. அப்போலோ கொண்டுவந்த நிலவு மண்ணிலும் அகப்பட்டது. 2019-இல் அண்டார்க்டிகாவிலிருந்து வந்த செய்தி இன்னும் வேடிக்கை: இருபது வருடத்துக்குள் விழுந்த பனியிலும் இருக்கிறது. தூசு இன்னும் நம் தலையில் விழுந்தபடிதான் இருக்கிறது.

கே: வேறு குமிழி ஏதாவது எங்கள் மலையிலிருந்து தெரியுமா? (மூணாறு வாசகர்)

ப: மாசி மாதம் இரவு ஒன்பது மணிக்குத் தெற்கே அகத்திய நட்சத்திரத்தைப் பிடியுங்கள். அதற்குக் கிழக்கே வானத்தில் சுமார் 36 டிகிரி விரிந்திருப்பது கம் நெபுலா. ஆஸ்திரேலியர் காலின் கம் 1950-களில் கண்டது. வெறும் கண்ணுக்குத் தெரியாது, கேமராவுக்குத் தெரியும். அதன் ஓரங்களில் வால் முளைத்த வாயு உருண்டைகள் மையத்தை விட்டு விலகுவதை, நம் பெங்களூர் ராமன் ஆராய்ச்சி நிலையத்தின் 10.4 மீட்டர் தொலைநோக்கியே அளந்திருக்கிறது: நொடிக்குச் சுமார் 12 கிலோமீட்டர்.

கே: நம் குமிழிக்கு எல்லையில் செக்போஸ்ட் உண்டா? (வேலந்தாவளம் வாசகர்)

ப: மலைத்தொடருக்குப் பாலக்காட்டுக் கணவாய் போல, குமிழியின் சுவரிலும் ஒரு திறப்பு உண்டு. 2024-இல் ஜெர்மனியின் மாக்ஸ் பிளாங்க் ஆய்வாளர்கள் ‘ஈரோசிட்டா’ எக்ஸ்-கதிர்த் தொலைநோக்கிப் பதிவுகளில், சென்டாரஸ் மண்டலத் திசையில் சூடான வாயு நிரம்பிய வழி ஒன்றைக் கண்டார்கள். சோதனை இல்லை, கேட் இல்லை, கைநீட்ட ஆளும் இல்லை.