லைவ்ல ஏறுற பேராண்டிக்கு

வாடா பேராண்டி, உக்காரு. ராத்திரி நீ போட்ட டிக்டாக் லைவை உன் பாட்டி போன்ல நானும் பார்த்தேன். ராசா ஸ்டேஷன் பக்கத்து நாசி லெமாக் அக்கா மூஞ்சியைத் தூக்கி ஏதோ நடிகை உடம்புல ஒட்டி, குத்துப்பாட்டுக்கு ஆடவிட்டிருந்தே. பிரமாதம்! அக்காவுக்கு முட்டி வலி, நாலு படி ஏறினாலே மூச்சு வாங்கும். உன் கைவண்ணத்துல இடுப்பு என்னமா சுழலுது! மூட்டு வலிக்காரங்க இனிமே கிளினிக் பக்கமே போகமாட்டாங்க, நேரா உன்கிட்டதான் வருவாங்க.

ஒரே ஒரு குறைடா. கை மூஞ்சிக்குக் குறுக்க வந்தப்ப மூக்கு கரைஞ்சு போச்சு. வலது பக்க மூக்குத்தி இடது பக்கம் தாவிட்டுத் திரும்பி வந்துச்சு. கவலைப்படாதே, புது ஆப் வந்தா அதுவும் சரியாயிடும். அப்புறம் அக்கா வீட்டுக்காரருக்கே சந்தேகம் வந்துடும்.

எங்க காலத்துல நையாண்டி இல்லேன்னா நினைக்கிறே? தோட்டத்துத் திருவிழா நாடகத்துல பபூன் வருவான். பெரிய கிராணி மாதிரி வயித்தைத் தள்ளிக்கிட்டு நடப்பான், தண்டல் மாதிரி பெரட்டுல கத்துவான். லயமே உருண்டு சிரிக்கும். ஆனா பவுடருக்கு அடியில யாருன்னு சின்னப் புள்ளைக்கும் தெரியும். மறுநாள் விடியுமுன்னே அதே தண்டல் முன்னால அவன்தான் போய் நிக்கணும். ஏச்சு விழுந்தாலும் அவனுக்கு, பால் வராத நிரை கிடைச்சாலும் அவனுக்கு. நீ கெட்டிக்காரன். மூஞ்சி அக்காவோடது, உடம்பு நடிகையோடது, விழுற ரோஜாவும் காயினும் மட்டும் உன்னோடது.

"ஏஐ-ன்னு எழுதியிருந்தேனே தாத்தா"ங்கிறே. எழுதியிருந்தே, சரி. எவனோ பத்து செகண்டை வெட்டி வாட்சாப் குரூப்புல போட்டானே, அதுல உன் எழுத்து எங்கடா?

இந்த மூஞ்சி ஒட்டுற வேலை எங்க போய் முடியும்னு கேளு. அமெரிக்காவுல 2023 ஜனவரியில அட்ரியாக்னு ஒருத்தன், ட்விச்சுல லைவ் ஓடுறப்பவே அவன் கம்ப்யூட்டர்ல திறந்து வச்சிருந்த பக்கம் எல்லார் கண்ணுலயும் பட்டுருச்சு. அவனை மாதிரியே லைவ் போடுற பொண்ணுங்க மூஞ்சியை ஒட்டின ஆபாசப் படம். அவன் மன்னிப்புக் கேட்டான். அந்தத் தளத்துல மூஞ்சி மாட்டின க்யூடி சின்ட்ரெல்லாங்கிற பொண்ணு லைவ்ல வந்து அழுதுச்சு. ஜொகூர் கூலாய்ல 2025 ஏப்ரல்ல போலீஸ் பிடிச்சது 16 வயசுப் பையனை. கூடப் படிக்கிற புள்ளைங்க படத்தை ஏஐ-ல உரிச்சு, ஒண்ணு 2 வெள்ளின்னு வித்ததா புகார்.

ஆனா ஈஷான்னு கூப்பிடுற ராஜேஸ்வரி விஷயத்துல நான் கேலி பேசமாட்டேன். அந்தப் பொண்ணை டிக்டாக்லயே வச்சு வதைச்சாங்க. அதுக்கு டீப்ஃபேக் கூட தேவைப்படல, வாயே போதுமா இருந்துச்சு. போலீஸ்ல புகார் கொடுத்தும், 2024 ஜூலை 5ஆம் தேதி அந்தப் பொண்ணு உயிரோட இல்ல. ஏசின ஒரு பொம்பளைக்கு கோர்ட்டு போட்ட அபராதம் 100 வெள்ளி. 1955ஆம் வருஷத்துச் சில்லறைக் குற்றச் சட்டத்துல அதுக்கு மேல போட அப்ப வழியில்ல. நாடே கொதிச்ச பிறகு, 2025 ஜூலையிலதான் பகடிவதைக்குன்னு தண்டனைச் சட்டத்துல தனிப் பிரிவுங்க அமலுக்கு வந்துச்சு. அந்த வருஷம் பிப்ரவரியிலேயே தொடர்பு பல்லூடகச் சட்டம் 233ஆம் பிரிவுல உச்ச அபராதத்தை 50,000லேர்ந்து 500,000 வெள்ளிக்கு ஏத்திட்டாங்க, இரண்டு வருஷம் வரைக்கும் ஜெயில் வேற. ரோஜாவையெல்லாம் பத்திரமா சேர்த்து வை, தேவைப்படும்.

அடுத்தவன் மூஞ்சி, குரலைத் தொடவே கூடாதுன்னு நான் சொல்லல. 'லால் சலாம்' படத்துல ரஹ்மான், செத்துப்போன ஷாகுல் ஹமீதையும் பம்பா பாக்யாவையும் ஏஐ வச்சுப் பாட வச்சார். குடும்பத்துக்கிட்ட அனுமதி கேட்டு, காசும் கொடுத்து. இல்லாதவங்களுக்கே அவ்வளவு மரியாதை. அக்கா உயிரோட இருக்கா, தினம் காலையில கடை போடுறா. கேட்டியா?

நாளைக்குக் காலையில போ. கூட்டம் கொறைஞ்சதும் வீடியோவை முழுசா அவ முன்னாலேயே ஓட்டிக் காட்டு. சிரிச்சான்னா மறுபடி லைவ்ல போடு, முதல் ரோஜா நான் போடுறேன். சிரிக்கலேன்னா அங்கேயே அழி. அந்தக் குரூப்புலயும் உன் சொந்த மூஞ்சியைக் காட்டி, செஞ்சது நான்தான்னு சொல்லு. அப்படியே மூணு வாரமா பாக்கி வச்சிருக்கிற நாசி லெமாக் காசையும் எடுத்துட்டுப் போ.