இதோ வந்துவிடுகிறேன்

2014இல் வெளியான ‘இன்டர்ஸ்டெல்லார்’ படத்தின் மில்லர் கோள் கார்கன்டுவா என்ற கருந்துளையின் வாசலில் குடியிருக்கிறது. அங்கே 1 மணி நேரம் கழிந்தால் பூமியில் 7 ஆண்டு ஓடிவிடும். இந்தக் கணக்கில் இயக்குநர் கிறிஸ்டோபர் நோலன் பேரத்துக்கே இடம் தரவில்லை. முதலில் முடியாது என்ற இயற்பியலாளர் கிப் தோர்ன், கருந்துளை உச்ச வேகத்துக்கு மயிரிழை குறைவாகச் சுழன்றால் நடக்கும் என்று இறங்கிவந்தார். இயக்குநர் கேட்டால் காலவெளியும் வளையும். கோளில் இறங்கியவர்களுக்கு அது மூன்று மணிச் சொச்ச வேலை. விண்கப்பலில் காத்திருந்த சகா ரோமிலிக்கோ 23 ஆண்டு, தாடியில் நரை. தாமதமாக வருபவருக்கு இதைவிடக் கௌரவமான சாக்கு கிடையாது. நிஜத்தில் ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரம் பூமிக் கடிகாரத்தைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ வினாடி முந்துகிறது. அதைச் சொல்லி ஆபீசில் தப்பிக்க முடியாது.