கொசுவுக்குத் தனி வாசல்

வாடா மாப்ளே, உக்காரு. உன் புது வீட்டைச் சுத்திப் பாத்துட்டுத்தான் வர்றேன். தரையெல்லாம் மார்பிள், தேக்குல கதவு, ஜன்னலுக்கு ஜன்னல் கொசுவலை. பிரமாதம். ஆனா எனக்கு ரொம்பப் பிடிச்சது கொல்லையில செப்டிக் டேங்க் மேல நீட்டிக்கிட்டு நிக்குதே, அந்தக் காத்துக் குழாய்தான். வாயை மூடாம ஆகாசத்தைப் பாக்க விட்டிருக்கே பாரு, அங்கதான் உன் தாராள மனசு தெரியுது. உனக்குத் தெருப்பக்கம் வாசல், கொசுவுக்குக் கொல்லைப்பக்கம் வாசல்.

கும்மோணத்துக்காரன் வேற எப்படி இருப்பான்? வெத்தலை, காபின்னு நம்ம ஊருக்கு ஆயிரம் பேர் இருந்தாலும், ஒரு காலத்துல வெளியூர்ல ஊர்ப்பேரைச் சொன்னா எதிராளி முதல்ல குனிஞ்சு நம்ம காலைத்தான் பாப்பான். அந்தக் கீர்த்தி மங்கிக்கிட்டு வருதேன்னு நீ ஒருத்தனாவது கவலைப்பட்டியே, அது போதும்.

டெங்குக் கொசு ஆசாரம் பாக்கும், நல்ல தண்ணி கேக்கும். யானைக்காலைக் கொண்டாற இந்த க்யூலெக்ஸ் அப்படியில்ல. சாக்கடை, கக்கூஸ் தொட்டி, எது நாறுதோ அதுல இறங்கி நூறு இருநூறு முட்டையைத் தெப்பமா ஒட்டி மிதக்கவிட்டுட்டுப் போயிடும். பத்து நாள்ல அத்தனையும் உன் குழாய் வழியாக் கெளம்பும். ஆப்பிரிக்காவுல சான்சிபார் தீவுல ஓர் ஊர்ல கக்கூஸ் குழியெல்லாம் தெர்மாகோல் மணியைக் கொட்டி மிதக்கவிட்டானுங்களாம், கொசு முட்டையிட இடமில்லாம, கொசுப்புழு மூச்சுவிட வழியில்லாம. இரக்கங்கெட்ட பசங்க.

ராத்திரிதான் இந்தக் கொசுவுக்குச் சாப்பாட்டு நேரம். யானைக்கால் வந்தவன் ரத்தத்துல இருக்கிற, அந்த நோயை உண்டாக்குற குட்டிப்புழுவும் நேரம் தெரிஞ்சது. பகல்ல நுரையீரல் பக்கம் பதுங்கிக் கிடந்துட்டு, ராத்திரி பத்துலேர்ந்து ரெண்டு மணிக்குள்ள வெளி ரத்தத்துக்கு வந்துடும். அதனாலதான் சுகாதாரத்துக்காரங்க அகாலத்துல வந்து விரல்ல குத்தி ரத்தம் எடுப்பாங்க. உங்க அப்பா அவங்க டார்ச் வெளிச்சத்தைப் பாத்ததும் போர்வையை இழுத்து மூடிக்கிட்டு நல்லாக் குறட்டை விடுவாரு. உன் வம்சத்துக்கே தூக்கம் ஜாஸ்தி.

சீனாவுல அமாய்னு ஒரு துறைமுகம். 1877ல மான்சன்னு ஒரு டாக்டர், ரத்தத்துல புழு இருந்த தன் தோட்டக்காரனைக் கொசு கடிக்கவிட்டு, அந்தக் கொசுவை அறுத்துப் பாத்தாரு. உள்ள புழு வளந்துக்கிட்டு இருக்கு! அதுவரைக்கும் சரி. ஆனா கொசு தண்ணியில விழுந்து சாகுது, அந்தத் தண்ணியைக் குடிக்கிறவனுக்கு நோய் வருதுன்னு நினைச்சிட்டாரு. 1900ல லோங்கிறவர் கொசுவோட குத்தூசியிலயே புழுவைக் கண்டப்புறம்தான், கடிக்கிறப்ப இறங்குதுன்னு தெளிஞ்சது. அவ்வளவு படிச்சவங்களுக்கே 23 வருஷம் ஆயிருக்கு. ஒரு முழம் நைலான் வலையைக் குழாய் வாயில கட்ட உனக்கு என்னடா அவசரம்?

இன்னொண்ணு, ஒரு கடியில கால் வீங்கிடாது. கொசுவுக்குள்ள புழு பத்துப் பன்னெண்டு நாள் வளரணும். அதுவரைக்கும் கொசு சாகக்கூடாது. கடிக்கிறப்ப தோல்மேல விழுந்து, குத்துன ஓட்டையைத் தேடிப் புழுவே நுழையணும். உள்ள போனதுல ஆணும் பொட்டையும் சந்திக்கணும். வருஷக்கணக்கா, ஆயிரக்கணக்குல கடி வாங்கினாத்தான் கைகூடும். அத்தனை கடிக்கு ஆள் சேக்கணும்னா சும்மாவா? நீ குழாய் வெச்சுல்ல சேக்குறே. நிணநீர் ஓடுற பாதையில ஒருதரம் குடியேறிட்டா ஆறெட்டு வருஷம் இருக்கும். பொட்டைப் புழு நாலு விரக்கடை நீளம், ஈனுறது லட்சக்கணக்குல.

காரைக்கால்ல ஒரு காலத்துல உப்புலயே மருந்தைக் கலந்து குடுத்தாங்க. ஜனங்க சாம்பாரோட தின்னு தீத்துட்டாங்க. இலங்கையில 2016லயே, இது இனி பொதுச்சுகாதாரப் பிரச்சினை இல்லைன்னு உலக சுகாதார நிறுவனத்துக்கிட்ட எழுதி வாங்கிட்டாங்க. நீ மட்டும் வீடு தேடி வந்த யானைக்கால் மாத்திரையை வாங்கி அலமாரியில சாமி படத்துக்குப் பின்னால பத்திரமா வெச்சிருக்கே. ரெண்டு வயசுக்குக் கீழ புள்ளைங்களுக்கு வேணாம், மாசமா இருக்கிறவங்களுக்கு வேணாம், படுத்த படுக்கையா கிடக்கிறவங்களுக்கு வேணாம்னு சொன்னாங்க. இதுல நீ எந்தக் கணக்குடா? போட்டாத் தலை சுத்துதுன்னு எவனோ சொன்னானாம். ரத்தத்துல புழு செத்தா அப்படித்தான் ஒரு நாள் ரெண்டு நாள் சுத்தும், காய்ச்சலடிக்கும். அதுக்குப் பயந்து புழுவை வெச்சுக் காப்பாத்துறியா?

உன் பெரியம்மா நேத்து கிரகப்பிரவேசத்துக்கு வந்தாளே, பந்தியில உக்காரலை, கவனிச்சியா? புடவையை இழுத்துக் காலை மூடிக்கிட்டு அடுக்களையிலயே இருந்துட்டா. அந்தக் கால் இனிமே பழையபடி ஆகாது. தினம் சோப்புப் போட்டுக் கழுவி, விரலிடுக்குல ஈரமில்லாம ஒத்தியெடுத்து, ராத்திரி தலகாணிமேல தூக்கி வெச்சுப் படுக்குறா. அப்படிச் செய்ய ஆரம்பிச்சப்புறம் நெறிகட்டிக் காய்ச்சல் வர்றது குறைஞ்சிருக்கு. அவ காலத்துல வீடு வீடா மாத்திரை வரலை. வந்திருந்தா ஒண்ணுக்கு ரெண்டா வாங்கித் தின்னிருப்பா, அவ ஆசைக்காரி.

சரி, அழாதே. நாளைக்கு மாத்திரை குடுக்குற நர்சம்மா மறுபடி இந்தத் தெருவுக்கு வர்றா. சாப்பிட்டுட்டு இரு, வெறும் வயித்துல போடக்கூடாது. அவ கண்ணெதிர்ல வாயில போட்டு முழுங்கணும். வாயைத் திறந்து காட்டச் சொல்லு, நாக்குக்கடியிலயும் பாக்கச் சொல்லுன்னு நான் இப்பவே அவகிட்ட சொல்லிட்டு வந்துட்டேன்.