பட்டாளத்துப் படம் எடுப்பது எப்படி?

கல்யாண வீடியோ எடுத்துக் கை பழகிவிட்டதா? அடுத்து, சிப்பாய்களின் அன்றாட வாழ்க்கையை ஆவணப்படமாக எடுத்துவிடுங்கள். செய்முறை சுலபம்.

1. நேரம் பார்த்து மனுப் போடுங்கள். 1900-ல் லண்டனில் ராபர்ட் பால் என்பவர், ஒரு சிப்பாய் எப்படி உருவாகிறான் என்பதைக் குட்டிக் குட்டிப் படங்களாக எடுத்து, 'ஆர்மி லைஃப்' என்று அல்ஹாம்ப்ரா அரங்கில் ஓட்டினார். போர் அலுவலகமே ஒத்தாசை செய்தது. செய்யாதா பின்னே? தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தம் நடந்துகொண்டிருந்தது. ஆள் தேவைப்படும்போது கேட்டால் அனுமதி தானே வரும்.

2. இடம். மாமல்லபுரம் சரிப்படாது. அர்ச்சுனனோ பகீரதனோ, பாறைச் சிற்பத்தில் ஒற்றைக்காலில் நிற்பவர், கவாத்துச் சொல்லித்தரும் எந்த உஸ்தாதும் மெச்சும்படி 'சாவ்தான்' என்று விறைப்பாக நிற்கிறார்தான். அசையாதவருக்கு சினிமா எதற்கு? பழைய செங்கல்பட்டு மாவட்டத்துப் பரங்கிமலைக்கு வண்டியைத் திருப்புங்கள். 1963 முதல் அங்கே ராணுவ அதிகாரிகளுக்குப் பயிற்சி நடக்கிறது.

3. கவாத்தில் தொடங்குங்கள். கேமராவை நட்டுவைத்தால் போதும். நடிகர்கள் தாமாகவே வரிசையாக வந்து, சேர்ந்தாற்போல் திரும்பிப் போவார்கள். ரீடேக் செலவை உஸ்தாத் பார்த்துக்கொள்வார். பழைய கைச்சுற்றுக் கேமரா என்றால் மட்டும் கவனம்: எடுக்கும்போது மெதுவாகச் சுற்றிவிட்டால், திரையில் பட்டாளம் பஸ்ஸைப் பிடிக்க ஓடும்.

4. அன்றாடம் என்றால் எல்லாமும் அல்ல. தட்டேந்தி வரிசையில் நிற்பதைக் காட்டலாம். சாம்பாரில் பருப்பைத் தேடுவதைக் காட்டக்கூடாது. பூட்ஸின் பளபளப்பைக் கிட்டத்தில் காட்டலாம். உள்ளே குதிகாலில் உடைந்து காலுறையோடு ஒட்டிக்கொண்ட கொப்புளம் வேண்டாம். வீட்டு ஞாபகத்தில் விழித்துக் கிடக்கும் பையன் வேண்டவே வேண்டாம்.

5. படம் பார்க்க ஆள் சேர்க்கச் சட்டம் வையுங்கள். 1943-ல் இந்தியாவில் போர்க்கால விதியின்படி, அரசுப் படங்களைத் தியேட்டர்கள் கட்டாயம் ஓட்டவேண்டியிருந்தது. சுதந்திரத்துக்குப் பிறகு அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் அந்த வழக்கத்தைத் தொடர்ந்தது. நம்மவர்களா விடுவார்கள்? 'நியூஸ் ரீல்' முடியும்வரை வெளியே பீடி, முறுக்கு.

6. பிரதி எடுங்கள். ராபர்ட் பாலின் படத்தில் இன்று மிஞ்சியவை சில துண்டுகளே. வெட்டிப்போட்ட கொப்புளத்தையும் பத்திரப்படுத்துங்கள். அணிவகுப்பை இன்னொருவர் எடுத்துக்கொள்வார். ஆவணம் என்று நாளைக்குத் தேடப்போவது அந்தக் கொப்புளத்தைத்தான்.