மாப்ளே, கல்லுலயும் லேபிள் இருக்குதுங்க

ஏனுங் மாப்ளே, புது வூட்டு ஹாலுக்கு இத்தாலியக் கல்லுப் போடறீங்கன்னு கேள்விப்பட்டேன். சந்தோசமுங்க. அனுப்பர்பாளையத்துப் பாத்திரப் பட்டறை வம்சத்துல பொறந்து, பனியன் கம்பெனி வெச்சு, இன்னைக்கு இத்தாலி வரைக்கும் கை நீண்டிருக்குதுன்னா லேசுப்பட்ட காரியமா? நான் என்னத்தைக் கண்டேன், பித்தளைக் குடத்தைத் தட்டித் தட்டியே ஒரு காது மந்தமாப்போன கெழவன். தட்டிப் பாத்தா எது உருப்படி எது விரிசல்ங்கறது மட்டும் இன்னும் அத்துபடி. அந்தத் தைரியத்துல நாலு வார்த்தை சொல்றேன். நீங்க கேக்க மாட்டீங்க. அதுக்காக நான் சொல்லாம இருக்க முடியுங்களா?

மொதல்ல ஒரு கேள்விங்க. உங்க கம்பெனியில பின்னறது நம்மாளு, சாயம் போடறது நம்மாளு, வெட்டறது தைக்கறது எல்லாம் நம்மாளு. கடைசியில கழுத்துக்குப் பின்னால வெரக்கடை அகலத்துக்குச் சீமைக்காரன் பேரு ஒண்ணு ஏறுது. அது ஏறினதும் அதே பனியனோட வெலை எங்க போயி நிக்குதுன்னு உங்களுக்குத் தெரியும். அப்பிடி லேபிள் தைச்சே வூடு கட்டற ஆளு, கல்லுக் கடையில லேபிளைப் பாத்து வாயப் பொளந்துட்டு நின்னா நான் சிரிக்கறதா, உங்கம்மாகிட்டச் சொல்லி அழுவறதா?

'காஷ்மீர் ஒயிட்'டுனு ஒரு கிரானைட்டு காட்டியிருப்பாங்களே. பேரைக் கேட்டதும் அம்மிணிக்குப் பனிமலையும் படகு வூடும் கண்ணுல வந்திருக்கும். அது வெட்டுனது மதுரைக்குப் பக்கத்துல மேலூர்ச் சீமையிலங்க. தாராபுரம் வழியா பஸ் ஏறினா மத்தியானச் சோத்துக்கு அங்க இருக்கலாம். 'பாரடைசோ'ன்னு இன்னொண்ணு. இத்தாலிப் பாசையில சொர்க்கமாம். அந்தச் சொர்க்கம் கெடக்கறது நம்ம கிருஷ்ணகிரிப் பக்கம். 'பிளாக் கேலக்ஸி'ன்னு மினுக்கு மினுக்குன்னு ஒண்ணு, ஆந்திராவுல ஓங்கோலுக்குப் பக்கத்துச் சீமக்குர்த்தியில வெட்டறாங்க. திண்டிவனம் பக்கத்துக் குன்னத்துக் கருங்கல்லுக்குத்தான் பாவம் பேரு மாத்த ஆளில்லை. ஆனா ஜப்பான்காரன் 'குன்னம்'னு ஊர்ப் பேரைச் சொல்லியே கேட்டு வாங்கித் தன்ற குடும்பக் கல்லறைக்கு வெக்கறானாம். பாத்துக்குங்க, நம்மூர்ல உசுரோட இருக்கறவன் காலடிக்குச் சீமைக்கல்லு கேக்கறான், சீமையில செத்தவன் தலைமாட்டுக்கு நம்மூர்க் கல்லுப் போவுது.

இந்தப் பேரு வெக்கற வித்தை நேத்து இன்னைக்கு வந்ததில்லீங்க. கல்கத்தாவை உண்டாக்குனதாச் சொல்ற ஜாப் சார்னாக்குனு ஒரு வெள்ளைக்காரன். அவன் சமாதி மேல வெச்ச கல்லு மெட்ராஸ்ப் பக்கமிருந்து போனது. எரநூறு வருசம் கழிச்சு, 1893-ல, ஹாலண்டுனு ஒரு பாறைப் படிப்புக்காரர் அந்த வகைக் கல்லுக்கு 'சார்னக்கைட்'னு பேரு வெச்சுட்டாரு. மெட்ராஸை ஒட்டுன பல்லாவரத்துப் பாறைக்குப் பல்லாவரத்துப் பேரு கெடைக்கலை. கல்லுக்கு அடியில படுத்திருந்தவன் பேரு கெடைச்சிருக்குது!

சரி, நீங்க பாத்தது பேருல மட்டுமில்லை, நெசமாவே இத்தாலிக் கல்லுன்னே வெச்சுக்குவோம். (துருக்கிக் கல்லும் கிரீஸ் கல்லும் கூட நம்ம கடையில 'இத்தாலியன்' ஆயிருதுங்கறது வேற கதை. நெறையக் கல்லு கப்பல்ல முழுசா வந்து, ராஜஸ்தான் கிஷன்கட்ல அறுபட்டு மெருகேறி வர்றதுதான்.) கராராங்கற ஊர்ல ரோமானியன் காலத்துல இருந்து வெட்டறாங்க. மைக்கலாஞ்சலோ டேவிட் சிலை செதுக்குனது அந்தக் கல்லுலதான். நல்ல கல்லு, குத்தமே சொல்ல மாட்டேன். ஆனா மார்பிளுங்கறது என்னங்க? பூமிக்குள்ள சூட்டுலயும் அமுக்கத்துலயும் வெந்து எறுகுன சுண்ணாம்புக்கல்லு. சுண்ணாம்பு மேல புளிப்பு பட்டா என்ன ஆகும்னு வெத்தலை போடற கெழவியைக் கேட்டாலும் சொல்லுவா. எலுமிச்சை, தக்காளி, தயிரு, புளிக்கரைசல் எது விழுந்தாலும் மெருகை அரிச்சு, அந்த எடம் மங்கிப் போயிரும். தொடைச்சாப் போவாது, ஆளைக் கூட்டியாந்து மறுக்கா பாலீசு போட்டாத்தான் போவும்.

இப்ப யோசிங்க. கிரகப்பிரவேசத்தன்னைக்கு ஒறம்பரை அத்தனை பேரும் வாசல்ல நிக்கறாங்க. உங்கக்கா மஞ்சளும் சுண்ணாம்பும் கலக்கி ஆரத்தி சுத்தறா. அவ கை நடுங்கி ஒரு சொட்டு அந்த வெள்ளைக் கல்லு மேல விழுதுன்னு வைங்க. நாத்தனார் சண்டைக்குன்னு தனியா ஒரு காரணம் தேட வேண்டியதில்லை. பந்தியில ஒரு கொளந்தை ரசத்தைக் கவுத்தா அதுக்குப் பேரு அபசகுனமாயிரும். இத்தாலிக்காரன் வூட்டுலயும் எலுமிச்சை பிழியறாங்க, இல்லைங்கலை. ஆனா அவன் கறை விழுந்தா 'பழமை அழகு'ன்னு சொல்லிட்டுச் சும்மா இருந்துக்குவான். உங்கம்மா சும்மா இருப்பாங்களா? ஷாஜகான் மக்ரானா மார்பிள்லதான் தாஜ்மகால் கட்டுனான், நானும் ஒத்துக்கறேன். அங்க ஒருத்தரும் கொழம்பு தாளிக்கலையே!

ஹாலுக்கு வேணும்னா ஆசைக்குப் போட்டுக்குங்க. சமையல்கட்டு மேடைக்கு மட்டும் அந்தக் கல்லுக்கிட்ட நெருங்கிராதீங்க. அங்க கிரானைட்டுதான். அது குவார்ட்ஸும் பெல்ஸ்பாரும் மைக்காவும் சேந்து எறுகுனது. புளிக்கும் அசையாது, சுடுசட்டிக்கும் அசையாது.

கடைக்குப் போறப்ப ஒரு எலுமிச்சம்பழம் ஜோப்புல போட்டுட்டுப் போங்க. மூலையில ரெண்டு சொட்டு விட்டுச் சித்தெ நேரம் கழிச்சுத் தொடைச்சுப் பாருங்க. மங்குனா, அவங்க கிரானைட்டுன்னு சத்தியம் பண்ணினாலும் அது சுண்ணாம்பு வகைதான். கறுப்புக் கல்லுன்னா இன்னொரு சோதனை. அது உங்களுக்கு நான் சொல்லித் தரோணுமா? சாம்பல் நெறத்துக் கல்லுக்கு எண்ணெயும் சாயமும் ஏத்தி அட்டக்கறுப்புன்னு விக்கற ஆளுங்க இருக்கறாங்க. உங்க கம்பெனி வேஸ்ட் துணியில வெள்ளையா ஒண்ணை எடுத்து, அசிட்டோன் நனைச்சு அழுத்தித் தேயுங்க. துணி கறுத்தா கல்லு வெளுக்கும். துணிக்குச் சாயம் நிக்குதான்னு பாத்துப் பாத்து அனுப்பற திருப்பூர்க்காரன், கல்லுல சாயம் போயி நின்னான்னு ஊருக்குத் தெரிஞ்சா ஏற்றுமதி மானமே போயிருமுங்க.

அப்பறம் தட்டிப் பாருங்க. இது என்ற சமாச்சாரம். நம்மூர்ல இருந்து கூப்புடு தூரத்துல திருமுருகன்பூண்டி இருக்குதே, அங்க சிற்பக்கூடத்துல போயி நின்னு கேளுங்க. கல்லைத் தட்டிச் சத்தத்தை வெச்சே ஆண் கல்லு, பெண் கல்லுன்னு பிரிப்பாங்க. வெங்கல மணியாட்டக் கேட்டா மூலவருக்கு, தாளச் சத்தம் வந்தா அம்மனுக்கு, ரெண்டும் இல்லாம மொக்கையாக் கேட்டா பீடத்துக்கு. ஊத்துக்குளிப் பக்கத்துப் பாறையை வெட்டி, உளி புடிச்சுச் செதுக்கி, அங்கிருந்து சாமி கப்பலேறிப் போவுதுங்க. உங்க ஸ்லாப்பையும் ஒரு காசை வெச்சுத் தட்டுங்க. கணீர்னா நல்லது. மொத்துனு கேட்டா உள்ளாற விரிசலை மெழுகி மறைச்சிருக்கறான்னு சந்தேகப்படுங்க.

அதே பூண்டியிலதான் சேரமான் பெருமாள் குடுத்தனுப்புன பொன்னையும் பொருளையும் சுந்தரர்கிட்ட இருந்து வேடர் வழிமறிச்சுப் புடுங்குனதாத் தலபுராணம். பாவம், அவங்க வில்லும் அம்பும் தூக்கிட்டு வெயில்ல நிக்க வேண்டியிருந்துச்சு. இப்ப அதே அவினாசி ரோட்டுல ஏசி போட்டு, ஒரு காப்பி குடுத்து, நீங்களா நீட்ட நீட்ட வாங்கிக்கறாங்க.

அம்மிணி 'குவார்ட்ஸ் ஸ்லாப்' கேட்டுதுன்னு மேஸ்திரி சொன்னாரு. அது மலையில வெட்டுனதில்லை மாப்ளே, கல்லுப் பொடியைப் பிசின்ல கொழைச்சு அமுக்கி எடுத்தது. அடுப்புல இருந்து எறக்குன தோசைக்கல்லை வெச்சா பிசின் பழுப்படிச்சிரும். அதை விட முக்கியமான விசயம் ஒண்ணு. அதுல பெரும்பங்கு சிலிக்கா. ஈரமில்லாம அறுத்தாப் பறக்கற தூசி கண்ணுக்கே தெரியாத பொடி. நுரையீரல்ல போயி ஒக்காந்தா வெளிய வராது, சிலிகோசிஸ்னு பேரு, வந்துட்டா தீக்க மருந்து கெடையாது. ஆஸ்திரேலியாவுல இதுக்காகவே 2024 ஜூலை 1-ல இருந்து அந்தச் செயற்கைக் கல்லைத் தடையே பண்ணிட்டாங்க. அவங்களுக்கு மேடை அழகை விட அறுக்கறவன் நெஞ்சு பெருசாத் தெரிஞ்சிருக்குது.

கிரானைட்டுல சிலிக்கா அதை விடக் கொறைச்சல்தான், ஆனா இல்லாம இல்லை. உங்க வூட்டுல கல்லு அறுக்கற பையனை நேத்துப் பாத்தேன். கட்டிங் மிஷின் ஓடுது, வெள்ளையாப் பொகை, அவன் மூஞ்சியில ஒரு கர்ச்சீப்பு. மிஷின் வாய்க்குத் தண்ணி வுட்டா பாதித் தூசி அப்பவே படிஞ்சிரும். கேட்டதுக்கு, 'சேறு ஆவுதுன்னு மொதலாளி வையறாருங்க' அப்படீங்கறான். மொதலாளி யாருன்னு நான் கேக்கலை.

இதெல்லாம் கல்லு வந்து சேந்த கதை. கெளம்புற எடத்தை ஒருக்காப் போயிப் பாருங்க. இந்தக் காலத்துல வைரம் பதிச்ச கம்பி வெச்சு மலையைக் கேக்கு மாதிரி அறுக்கறாங்க. ஒரு கன மீட்டர் கிரானைட்டு ரெண்டே முக்கால் டன்னுக்குக் கிட்ட எடை வரும். அறுத்ததுல மாசு மருவில்லாத கட்டியா ஏத்துமதிக்குத் தேறுறது கம்மி, பாதிக்கு மேல கழிவா அங்கயே குமிஞ்சு கெடக்கும். மேலூர்ப் பக்கம் மலையை அளவில்லாம வெட்டுனதுல, 2012-ல மதுரை கலெக்டரா இருந்த சகாயம், அரசாங்கத்துக்கு 16,000 கோடிக்கு மேல நட்டம்னு எழுதி அனுப்புனாரு. அந்த மே மாசமே அவருக்கு மாத்தல். பொறகு 2014-ல ஹைகோர்ட்டே அவரை விசாரிக்கச் சொல்லி, 2015 நவம்பர்ல அவர் குடுத்த அறிக்கையில நட்டம் ஒரு லட்சம் கோடியைத் தாண்டிருச்சு. அந்தப் பக்கத்துக் குவாரிங்க அப்ப முடங்குனதுதான். அதனால 'காஷ்மீர்' கல்லை யாராச்சும் இன்னைக்கு நீட்டுனா, பில்லும் பெர்மிட்டும் எங்கன்னு கேளுங்க. நீங்க பையருக்குச் சர்ட்டிபிகேட் மேல சர்ட்டிபிகேட்டா அனுப்பறதில்லையா? அந்தக் கேள்வியை ஒரு தடவை நீங்க கேட்டுப் பாருங்க, வாய்க்கு நல்லாருக்கும்.

நம்ம ஜில்லாவுல பெரும்பாலும் ஜல்லியும் எம் சாண்டும்தான். பல்லடம் கோடங்கிபாளையத்துல விவசாயிங்க கல்குவாரிக்கு எதிரா ஏன் போராடுனாங்கன்னு கேட்டுப் பாருங்க. வெட்டி முடிச்ச பாறைக்குழியில மாநகரத்துக் குப்பையைக் கொட்டறதுக்கு வேற சண்டை. கல்லைத் தின்னுட்டுக் குழியை எச்சியெலையாட்ட வுட்டுட்டுப் போறோம்.

ஒண்ணு சொன்னா நம்ப மாட்டீங்க. நொய்யல் கரையில சென்னிமலைக்கு அக்கட்டால கொடுமணல்னு ஊரு. 1985-ல இருந்து தோண்டிப் பாத்ததுல, ரெண்டாயிரம் வருசத்துக்கு முந்தியே அங்க கல்லுமணி அறுத்து, ஓட்டை போட்டு, மெருகேத்துன பட்டறைங்க கெடைச்சிருக்குது. பதிற்றுப்பத்துல வர்ற கொடுமணம் அதுதான்ங்கறாங்க. பச்சைக்கல்லுக்குப் படியூரு பக்கத்துலயே இருந்துச்சு. நம்ம கோயமுத்தூர்ச் சீமையில மண்ணுக்கடியில ரோமானியக் காசு பானையோட அகப்பட்டது சும்மாவா? நம்ம சரக்குக்காக வருசாவருசம் 5 கோடி செஸ்டர்ஸ் காசு இந்தியாவுக்குப் போயிருதேன்னு பிளினிங்கற ரோம்காரப் பெரியவர் பொலம்பி எழுதி வெச்சிருக்காராம். அவரு பேரப்புள்ளைங்க பொறுமையா இருந்து, இப்ப உங்ககிட்ட வட்டியோட வசூல் பண்றாங்க. நடத்துங்க.

வூட்டுக்குள்ள இருந்த கல்லு மட்டும் எளக்காரமாப் போச்சுங்களே. 1955-ல கோயமுத்தூர்ல சபாபதிங்கறவர் ஆட்டாங்கல்லுக்கு மோட்டார் மாட்டுனாரு. நல்ல காரியம், பொம்பளைங்க தோள்பட்டை தப்பிச்சுச்சு. அந்தக் கிரைண்டருக்குப் புவிசார் குறியீடு கூட வாங்கிட்டாங்க. ஆனா உங்காத்தா ஆட்டுன கல்லு என்ன ஆச்சு? நீங்களே தூக்கிப் போட்டுட்டு, இப்பத் தோட்டத்துல வெக்க நாலாயிரம் குடுத்து ஒரு பழைய ஆட்டாங்கல்லு வாங்கித் தாமரை வுட்டிருக்கறீங்க. நம்ம பித்தளை அண்டாவையும் இப்பிடித்தான் எடைக்குப் போட்டுட்டு, 'ஆன்டிக்'குன்னு பத்து மடங்கு வெலைக்கு வாங்குனாங்க.

2025 ஆகஸ்டு 27-ல அமெரிக்காக்காரன் நம்ம சரக்குக்கு 50 சதவீதம் வரி போட்டப்ப, ஆர்டர் நின்னு நீங்க மொகத்தைத் தொங்கப் போட்டுட்டு ஒக்காந்திருந்தீங்க. ஓசூர், கிருஷ்ணகிரிக் கல்லுக்காரனுக்கும் அன்னைக்கு அதே வரிதான், அதே மொகந்தான். 'உள்ளூர்ல வாங்க ஆளிருந்தா நமக்கேன் இந்த நெலமை'ன்னு நீங்க சொன்னது எனக்கு நல்ல காதுல கேட்டுச்சு.

ஹாலுக்கு உங்க இஷ்டம். சமையல்கட்டுக்குக் கிருஷ்ணகிரிக் கல்லு, பில்லோட. அறுக்கற பையனுக்குத் தண்ணிக் கொழாயும் தூசி தடுக்கற நல்ல மாஸ்க்கும் நாளைக்குக் காலையிலயே வாங்கிக் குடுத்துருங்க, சேறு ஆனா நான் வந்து கழுவறேன். அட்வான்ஸ் நீட்டறதுக்கு முந்தி ஒரு போன் போடுங்க மாப்ளே. எலுமிச்சம்பழம் நான் கொண்டாரேன், கார்ல ஏசி மட்டும் நீங்க போட்டுருங்க.