டிரினிடாட்டும் பூச்சாட்டும்

டிரினிடாட் தீவைச் சுற்றிப் பார்க்க இந்தியப் பாஸ்போர்ட் இருந்தால் போதும், விசா வேண்டியதில்லை. ரேஸ்கோர்ஸ் நடைபாதையில் நாங்கள் நால்வரும் நடக்கும்போது இந்தத் தகவலைப் போகிற போக்கில் அவிழ்த்துவிட்டவர் எங்கள் வாத்தியார், ஓய்வுபெற்ற பூகோள ஆசிரியர். கோயமுத்தூர்க்காரனிடம் "இதுக்குத் தனியாக் காசு கட்ட வேண்டியதில்லைங்க" என்று சொல்லிவிட்டால், அந்தப் பண்டம் நமக்கு எதற்கு என்று யோசிக்கும் வழக்கமே அவனைவிட்டுப் போய்விடும்.

"அப்பப் போலாமுங்க," என்றார் பட்டறைக்காரர். அந்த ஊர் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூட அவர் கேட்கவில்லை.

வாத்தியாருக்குத் திசைதான் முக்கியம். "நம்மூரும் போர்ட் ஆஃப் ஸ்பெயினும் ஏறக்குறைய ஒரே அட்சரேகை. ரெண்டும் 11 டிகிரி பக்கம். பாலக்காட்டுக் கணவாயில நுழைஞ்சு நேரா மேக்கால போனாப் போதும். ஆப்பிரிக்கா ஒண்ணுதான் குறுக்க நிக்குது." கிட்டத்தட்ட 15 ஆயிரம் கிலோமீட்டரை அவர் வாளையாறு செக்போஸ்ட் தாண்டுகிற தொனியில் சொன்னார்.

பேக்கரியில் உட்கார்ந்து தேங்காய் பன்னைப் பிய்த்துக்கொண்டே விவரம் கேட்டோம். அங்கே கார்னிவல் என்று ஒரு திருவிழா. கிறிஸ்தவர்களின் தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதனுக்கு முந்தைய திங்களும் செவ்வாயும். திங்கட்கிழமை விடிவதற்கு முன்பே சேற்றையும் சாயத்தையும் மேலே பூசிக்கொண்டு தெருவில் இறங்கிவிடுவார்கள். மறுநாள் இறகும் ஜிகினாவும் வைத்த உடுப்பில் கூட்டம் கூட்டமாக ஆட்டம். ஏதாவது ஒரு குழுவில் பணம் கட்டிச் சேர்ந்தால், அந்தக் குழுவின் உடுப்பு கிடைக்கும்.

"பணம் கட்டி, எல்லாரும் ஒரே மாதிரி உடுப்புல ஆடறதா? எங்கூட்டுல அதைத்தான பண்றாங்க," என்றார் நூல் யாவாரி. அவர் சம்சாரம் வள்ளி கும்மிக் குழுவில் இருக்கிறார். கொங்கு நாட்டில் இப்போது வள்ளி கும்மி ஆடாத ஊர் குறைவு. மேட்டுப்பாளையம் பக்கத்து பத்ரப்பன் ஐயாவுக்கு 2024இல், 87 வயதில், இந்தக் கும்மிக்காகவே பத்மஸ்ரீ கொடுத்தார்கள். அரங்கேற்றத்துக்கு அரங்கேற்றம் புதுச் சேலை. இறகு ஒன்றுதான் பாக்கி. அந்த யோசனையை வீட்டில் சொல்லிவிட வேண்டாம் என்று யாவாரி எங்களிடம் கையெடுத்துக் கும்பிட்டார்.

பட்டறைக்காரரைப் பிடித்தது வேறு. ஆங்கிலேயர் 1880களில் அங்கே மேளம் அடிக்கத் தடை போட்டார்கள். சனங்கள் மூங்கிலை வெட்டித் தரையில் இடித்துத் தாளம் போட்டார்கள். பிறகு பிஸ்கட் டப்பா. கடைசியில் காலி எண்ணெய் பீப்பாயின் அடித்தகட்டைக் குழியாகத் தட்டி, அதிலேயே ஏழு சுரத்தையும் எடுத்துவிட்டார்கள். ஸ்டீல்பேன் என்று பெயர். அந்த நாட்டின் தேசிய வாத்தியமே அதுதான். கைப்பேசியில் படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தவர், "தகடு என்ன கேஜு?" என்றார். பிறகு, "கணபதியில நம்ம பட்டறைக்கு ஒரு பீப்பா வந்தா நானே அடிச்சிருவேனுங்க. இதுக்கா அவ்வளவு தூரம்?" பயணம் அப்போதே படுத்திருக்க வேண்டியது. வாத்தியார் கிரிக்கெட்டைச் சொல்லித் தூக்கி நிறுத்தினார். வெஸ்ட் இண்டீஸுக்கு ஆடிய சுழற்பந்துக்காரர்கள் மகேந்திர நாகமுத்து, வீராசாமி பெருமாள் இருவரும் பக்கத்துக் கயானாக்காரர்கள். பெயரைக் கேட்டால் பாப்பம்பட்டிப் பிரிவில் உரக்கடை வைத்திருப்பவர்கள் மாதிரி இருக்கிறது. சொந்தக்காரர்கள் ஊருக்குப் போகாமல் இருக்கலாமா?

பிறகுதான் சிக்கல்கள் ஒவ்வொன்றாக வந்தன. டிரினிடாட்டுக்கு விசா வேண்டாம், சரி. ஆனால் பீளமேட்டிலிருந்து அங்கே நேராகப் போகும் விமானம் ஏது? அமெரிக்கா வழியாகப் போனால், விமான நிலையத்தைவிட்டு வெளியே கால் வைக்காமல் விமானம் மாறினாலும் அமெரிக்க விசா வேண்டும். மாப்பிள்ளை வீட்டார் சம்மதித்த கல்யாணத்தைப் பக்கத்து வீட்டுக்காரர் தடுக்கிற கதை இது. திரும்பி வருவதற்கும் ஒரு கண்டிசன்: மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசியைக் கிளம்புமுன் போட்டு, பத்து நாளாவது ஆகியிருக்க வேண்டும். சான்றிதழ் இல்லாமல் வந்தால் இங்கே ஆறு நாள்வரை தனியாக அடைத்துவைப்பார்கள். இதைக் கேட்டதும் யாவாரியின் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்துபோனது. அப்போது எனக்குக் காரணம் புரியவில்லை.

அடுத்தது தேதி. சாம்பல் புதன் ஈஸ்டரைப் பார்த்து வரும், ஈஸ்டர் பௌர்ணமியைப் பார்த்து வரும். கணக்குப் போட்டால் கார்னிவல் பெரும்பாலும் அமாவாசையை ஒட்டித்தான் விழும். மாசி அமாவாசையை ஒட்டி நமக்கு என்ன வரும்? சிவராத்திரி. 2026இல் பிப்ரவரி 15 சிவராத்திரி, 16உம் 17உம் கார்னிவல். பட்டறைக்காரர் வருசம் தவறாமல் சிவராத்திரிக்கு வெள்ளியங்கிரி ஏழாவது மலை ஏறுகிறவர். "மலைமேல விடிஞ்சதுல இருந்து அங்க சேத்துல ஆடத் தொடங்கற வரைக்கும் எவ்வளவு நேரமுங்க இருக்கு?" என்று கேட்டார். வாத்தியார் இரண்டு ஊர் மணியையும் விரலில் கழித்துப் பார்த்து, "ஏழரை மணி நேரம்," என்றார்.

"ஏழரையா? வேண்டாமுங்க."

அந்தக் கண்டத்தையும் ஒருவழியாகத் தாண்டி, பின்னொரு வருசத்துக்குத் தள்ளிவைத்துப் பேசிக்கொண்டிருந்தபோதுதான் அம்மாவிடம் சொன்னேன். சூலூர் பக்கம் எங்கள் ஊரில் மாரியம்மன் நோம்பி மாசியில்தான். அம்மா ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்: "பூச்சாட்டுக்கு முன்னாடி வந்துருவியா சாமி?"

வெளியூர் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டும். நோம்பி என்றால் திருவிழா, அதை ஊருக்கு அறிவிப்பது பூச்சாட்டு. நோம்பி சாட்டி, கம்பம் நட்டு, காப்புக் கட்டிவிட்டால் ஊர்க்காரன் எல்லை தாண்டலாம். ஆனால் ரவைக்கு ஊர் வந்து சேர்ந்துவிட வேண்டும். வெளியே தங்கக் கூடாது. காலையில் போர்ட் ஆஃப் ஸ்பெயின் போய்ப் பொழுதோட சூலூர் திரும்பும் வசதியை இன்னும் எந்த விமானக் கம்பெனியும் செய்துதரவில்லை. மற்ற மூவரின் ஊரிலும் இதே சட்டம்தான், நாள் மட்டும் முன்னே பின்னே இருக்கும். அடுத்தவன் நோம்பியைப் பார்க்க வேண்டுமானால் நம் நோம்பியை விட வேண்டும். அந்தத் துணிச்சல் எங்கள் நால்வரில் யாருக்கும் இல்லை.

வாத்தியார் தளரவில்லை. "கார்னிவல் வேண்டாம், நம்ம சனங்க இருக்கற தீவா ஒண்ணு சொல்றேன்," என்று குவாதலூப்பை எடுத்தார். 1854 டிசம்பரில் முதல் கப்பல் போய்ச் சேர்ந்தது. அடுத்த 35 வருசத்தில், பாதிக்கும் மேல் புதுச்சேரி, காரைக்கால் வழியாக, நாற்பதாயிரம் பேருக்கு மேல் கரும்புத் தோட்டத்துக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். தமிழ் அநேகமாகப் போய்விட்டது. மாரியம்மன் மட்டும் மாலியேமென் என்ற பெயரோடு கோயிலில் இருக்கிறாள். பூசை நடக்கிறது, கிடா வெட்டுகிறார்கள், மசாலா அரைத்துக் குழம்பு வைக்கிறார்கள், அதற்கு அங்கே பெயர் கொலோம்போ. ஆனால் அது பிரான்சின் பகுதி. ஐரோப்பா சுற்றும் ஷெங்கன் விசாகூடச் செல்லாது, தனி விசா எடுக்க வேண்டும்.

மாரியாத்தா பெயரைச் சொன்னால் அம்மா இளகிவிடுவாள் என்று நம்பி, கைப்பேசியை ஸ்பீக்கரில் போட்டு வாத்தியாரையே பேசவிட்டேன். நூல் யாவாரியும் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். அந்த வாரம் அவருக்கு நான்கு விசேசம்: ஒரு காதுகுத்து, ஒரு சீர், இரண்டு கல்யாணம். மொய் நோட்டைப் புரட்டிப் பெருமூச்சு விட்டுக்கொண்டிருந்தார்.

எல்லாம் கேட்டுவிட்டு அம்மா சொன்னாள்: "அங்கயும் மாரியாத்தாதானுங்களே? அப்ப நீங்க போய் எறங்கற நேரம் பாத்து அங்க நோம்பி சாட்டிட்டாங்கன்னா என்ன பண்ணுவீங்க? முடியற வரைக்கும் ஊரைத் தாண்டித் தங்க முடியாதுங்களே!"

யாவாரி மொய் நோட்டை மூடினார். "ஏனுங் வாத்தியாரே, அந்த ஊருக்கு விசா எங்க போய் வாங்கோணும்?"